மாயர் நாட்டில் ஒரு பகற் பயணம்

விழா மலருக்குக் கட்டுரையொன்று தருக என மலர்க்குழுவினர் எம்மைப் பணித்தபொழுது, எதனைப் பற்றி எழுதுவது என்னும் ஐயம் எமக்கு எழவில்லை. கல்லூரி நாட்களின் இனிய நினைவுகளை எம்மினும் நன்கு எழுதவல்ல பழைய மாணவர் பலர் உளர். ஆதலின், உலகின் மறுபுறத்தே மெக்சிக்கோ நாட்டின் கீழ்க்கோடியில் யாம் கழித்த ஒரு பகற்பொழுதைப் பற்றி ஈண்டு எழுதத் துணிந்தோம். தொலைவு கருதி இதனை அயலான செய்தியென வாசகர் ஒதுக்கிவிடலாகாது. அந்நாட்டு நிலமும் எமது குடாநாட்டு நிலமும் ஒருவகையில் உடன்பிறந்தவை என்பது போகப் போகப் புலனாகும்.

ரொறன்ரோவில் வாழும் எம் மகன், கனடாவின் உறைபனிக்குச் சிலநாள் விடைகொடுக்க விரும்பித் தன் குடும்பத்தாருடன் எம்மையும் கன்கூன் என்னும் கடற்கரை நகருக்கு அழைத்துச் சென்றிருந்தான். 1970 ஆம் ஆண்டளவில் உல்லாசப் பிரயாணிகளுக்கென்றே திட்டமிட்டு எழுப்பத் தொடங்கிய நகர் அது. வெண்மணலும் நீலக்கடலும் கண்ணுக்கு இனியனவே. எனினும் மூன்று நாட்களில் அவ்வினிமை எமக்குத் தெவிட்டிற்று. மாயர் எனப்படும் தொல்குடியினரின் பாழ்நகர் ஒன்றையும், நீராடுதற்குரிய இயற்கைக் கிணறு ஒன்றையும் ஒரே நாளிற் காட்டி மாலையில் மீட்டுக் கொணரும் பஸ்வண்டிப் பயணம் ஒன்று உண்டென அறிந்ததும், அதற்கு இசைந்தோம். பத்து வயதுப் பேர்த்தி எம் பக்கத்து இருக்கையைத் தனதாக்கிக் கொண்டாள்.

விடியுமுன் புறப்பட்ட வண்டி மேற்கு நோக்கி ஏறத்தாழ 200 கிலோமீற்றர் ஓடிற்று. கோடு கிழித்தாற்போல் நேரான தெரு. இருமருங்கும் பெருமரம் ஆகாத குறுங்காடு. மேடென்றும் பள்ளமென்றும் சொல்லத்தக்கது ஒன்றுமில்லை. அத்துணைத் தூரத்தில் ஒரு பாலத்தையேனும் யாம் காணவில்லை. பாலம் வேண்டுமாயின் ஆறு வேண்டுமன்றோ? வடயுக்கற்றானில் ஆறே இல்லை. எல்லையைக் கடந்து யுக்கற்றான் மாநிலத்துட் புகுந்தவுடன் கடிகாரத்தை ஒருமணி நேரம் பின்னே தள்ளிவைக்குமாறு வழிகாட்டி சொன்னார்.

அவ்வழிகாட்டியைப் பற்றிச் சிறிது கூறல் வேண்டும். நாற்பது வயதை அண்மியவர், குட்டையான உருவம், அகன்ற முகம், நெல்லின் உமியை ஒத்த நிறம். எம்மூர்ச் சந்தையில் நின்றால் எவரும் அவரை அயலார் என்னார். ஆங்கிலத்திலும் ஸ்பானிய மொழியிலும் மாறி மாறிப் பேசிய அவர், இடையிடையே தொண்டையிற் சட்டென நின்று வெடிக்கும் ஒலிகளையுடைய மூன்றாவது மொழி ஒன்றிற் சாரதியோடு உரையாடினார். அதுவே மாய மொழி. காலையிற் சந்திக்கும் இருவருள் ஒருவர், "பாஷ் கா வாலிக்" என்பாராம். "நீ என்ன சொல்கிறாய்?" என்பது அதன் பொருள். மற்றவர், "மிஷ் பால்", அதாவது "ஒன்றுமில்லை" என்று மறுமொழி சொல்வாராம். வண்டியிலிருந்தோர் அனைவரும் அதனைச் சொல்லிப் பழகினர். எம் பேர்த்தியே யாவரினும் செம்மையாகச் சொன்னாள்.

அப்பொழுது முன்னிருக்கையில் இருந்த பிரயாணி ஒருவர், மாயர் என்போர் எப்பொழுது, எவ்வாறு மறைந்தனர் என வினவினார். வழிகாட்டி சினந்திலர். நாள்தோறும் இவ்வினாவை எதிர்கொள்பவர்போல முறுவலித்து, தாம் அன்று காலை நான்கு மணிக்கு எழுந்து, தம் தாயார் சுட்ட சோள அடையை உண்டு, இவ்வண்டியில் ஏறியதாகவும், மறைந்துபோனமை பற்றித் தமக்கு எவரும் அறிவிக்கவில்லை என்றும் சொன்னார். வண்டி முழுதும் சிரித்தது. எமக்கோ அச்சிரிப்பின் பின்னே இருந்த நோவு புலப்பட்டது. உயிரோடிருக்கும் ஓர் இனத்தவனைப் பார்த்து, நும் இனம் எப்பொழுது அழிந்தது என்று கேட்கும் உலகில், அவன் நகைச்சுவை ஒன்றையன்றி வேறெதனைக் கையிற்கொள்வான்? மெக்சிக்கோவில் மட்டும் யுக்கற்றான் மாயமொழி பேசுவோர் இன்றும் 7 இலட்சத்துக்கும் மேற்பட்டோர் உளர். குவாத்தமாலா முதலிய நாடுகளில் வழங்கும் பிற மாயமொழிகளையும் சேர்த்தால் அவ்வினத்தார் பல இலட்சத்தினர் ஆவர்.

சிச்சென் இற்சா என்பது யாம் கண்ட நகரின் பெயர். "சி" என்பது வாய், "சென்" என்பது கிணறு, "இற்சா" என்பது அங்கு வாழ்ந்த குடியினரின் பெயர். ஆகவே "இற்சாக் குடியினரின் கிணற்றுவாய்" என்பதே முழுப்பொருள். கோபுரத்தையோ அரசனையோ கொண்டு பெயரிடாது கிணற்றைக் கொண்டே ஒரு தலைநகருக்குப் பெயரிட்டனர். ஏன்? எமக்குப் பூமிசாத்திரம் கற்பித்த ஆசிரியர் அன்று வகுப்பறையிற் கூறியது நினைவில் எழுந்தது. குடாநாட்டின் அடியிற் கிடப்பது மயோசீன் காலத்துச் சுண்ணக்கல், மழைநீர் அதன் மேல் ஓடாது அதனுள் இறங்கும், ஆதலின் எமக்கு ஆறு தரையின் கீழே உளது என்பார். யுக்கற்றானும் அத்தகையதே. கடலினின்றும் எழுந்த தட்டையான சுண்ணக்கற் பாறை அது. மழைநீர் காற்றிலும் மண்ணிலுமுள்ள கரியமில வாயுவைக் கலந்து மென்புளிப்பு எய்தி, ஊழிக் கணக்காகக் கல்லைக் கரைத்துக் குகைகளை ஆக்குகிறது. குகையின் கூரை மெலிந்து இடிந்து வீழ்ந்தவிடத்து வட்டமான வாயொன்று திறந்து, கீழே நீர் தெரிகிறது. அதனை மாயர் "சொனோற்" என்றனர். ஸ்பானியர் நாவில் அது "செனோற்றே" ஆயிற்று. அவ்வகைக் கிணறுகள் அத்தீபகற்பத்தில் ஆயிரக்கணக்கில் உள.

அவற்றுட் பல, வானிலிருந்து நோக்குவார்க்குப் பெரியதோர் அரைவட்டமாக அமைந்து கிடப்பது ஒரு விந்தை. 6 கோடியே 60 இலட்சம் ஆண்டுகளுக்கு முன் விண்கல்லொன்று அங்கு மோதிற்று. டைனோசர் முதலாய உயிரினங்கள் மாண்டொழியக் காரணமாயிருந்தது அம்மோதலே என்பர் அறிஞர். அதனால் ஆகி, பின் மண்மூடிப்போன சிக்சுலுப் பள்ளம் ஏறத்தாழ 180 கிலோமீற்றர் அகலமுடையது. அதன் விளிம்பை ஒட்டியே இக்கிணற்று வரிசை அமைந்துள்ளது. உலகை அழித்த தழும்பின் ஓரத்தில் நீர் ஊறி, அந்நீரை நம்பி ஒரு நாகரிகம் வளர்ந்தது.

நகருட் புகுந்தோம். எல் கஸ்தியோ எனப்படும் நடுக்கோயில் பசும்புற்றரையின் மத்தியிற் சாம்பல் நிறக் குன்றென நிற்கிறது. உச்சியிலுள்ள கோயிலையும் சேர்த்து உயரம் ஏறத்தாழ 30 மீற்றர். இறகுடைய நாகமாகிய குக்குல்கானுக்கு உரியது அது. நான்கு பக்கத்தும் பக்கமொன்றுக்கு 91 படிகள், உச்சி மேடையைக் கூட்ட 365. ஒன்பது அடுக்குகளும் நடுப்படிவரிசையால் இரண்டாகப் பிளவுபட்டு, ஒவ்வொரு பக்கமும் 18 கூறாகத் தோன்றும். மாயரின் ஆண்டு, 20 நாட் கொண்ட 18 மாதங்களும் மேலும் 5 நாட்களும் உடையது. கல்லாற் கட்டிய பஞ்சாங்கம் என்றால் பொருந்தும். பகலும் இரவும் ஒத்திருக்கும் நாட்களில், மாலை வெயிலில், அடுக்குகளின் நிழல் வடபுறப் படிச்சுவரில் வளைந்து விழ, அடியிலுள்ள கல்நாகத்தின் தலையோடு அந்நிழல் பொருந்தி, நாகமொன்று கீழிறங்குவதுபோல் தோன்றும் என்பர். யாம் சென்ற நாள் அந்நாளன்று. ஆயினும் வழிகாட்டி படிவரிசையின் எதிரே நின்று கைதட்டினார். மேலிருந்து திரும்பிய எதிரொலி கைதட்டல்போல் இல்லாது பறவையொன்றின் கீச்சொலியாக வந்தது. மாயர் போற்றிய கெற்சால் பறவையின் குரலை ஒத்தது அது என்றார். சிறுவர் அனைவரும் கைதட்டத் தொடங்கினர். கோயிலின் மேல் ஏறுதல் பல ஆண்டுகளாகத் தடைசெய்யப்பட்டுள்ளது. அது நன்றே. தேய்ந்த படிகளுக்கும் ஓய்வு வேண்டும்.

எம்மவரிற் சிலர், மாயர் என்னும் பெயரை இதிகாசங்களில் வரும் மயன் என்னும் தச்சனின் பெயரோடு இணைத்து, மாயர் எம்மினத்தவரே என நூலெழுதியும் மேடையேறியும் பேசி வருகின்றனர். நாகமும் உண்டு, படிக்கோயிலும் உண்டு, ஆகலின் உறவும் உண்டு என்பது அவர் வாதம். பெயரொப்புமை ஒன்றே வரலாற்றுக்குச் சான்றாகாது. மாயரின் மொழி வேறு, எழுத்து வேறு, அவர் தம் நாகரிகத்தைத் தம் மண்ணிலேயே தம் கையாலேயே ஆக்கினர். பிறர் தேடிய புகழை எமதாக்கிக்கொள்ளல் எமக்கும் பெருமையன்று, அவர்க்கும் நீதியன்று. ஒப்புமையால் வியக்கவேண்டுவது வேறொன்று உளது. ஒரு புள்ளியால் ஒன்றையும், ஒரு கோட்டால் ஐந்தையும், சிப்பி வடிவொன்றாற் சுழியத்தையும் குறித்து, இருபதை அடியாகக் கொண்டு அவர்கள் எண்களை இடம் வைத்து எழுதினர். பாரத நாட்டார் கண்ட சுழியத்தை, அவரோடு யாதொரு தொடர்புமின்றி மாயரும் தாமே கண்டனர். கடல்களாற் பிரிந்த இரு மக்கட் கூட்டத்தினர் ஒன்றுமில்லாமைக்கும் ஒரு குறி வேண்டுமென உணர்ந்தமை, உறவுக் கதைகள் யாவற்றினும் பெரிய அதிசயமன்றோ?

நத்தை என்னும் பொருள்பட ஸ்பானியர் "கறக்கோல்" எனப் பெயரிட்ட வட்டக் கோபுரத்தையும் கண்டோம். உள்ளே சுருண்டேறும் படியினால் வந்த பெயர் அது. வெள்ளிக்கோளின் போக்கை அங்கிருந்து நோக்கினர் என்பர். வெள்ளி ஒரு சுற்று முடித்துத் தோன்ற 584 நாள் செல்லும் என மாயர் கணித்தனர். அவ்வாறு ஐந்து சுற்று, எட்டு ஆண்டுக்குச் சரியாகப் பொருந்தும். காகிதமும் கோலும் எடுத்துப் பெருக்கிப் பார்க்க விரும்பும் மாணவர் பார்க்கலாம். ஏறத்தாழ 168 மீற்றர் நீளமுள்ள பெரும் பந்தாட்டக் களத்தின் சுவர்களில், ஆறு மீற்றர் உயரத்தில் கல்வளையங்கள் பொருத்தப்பட்டுள்ளன. கனத்த இறப்பர்ப் பந்தை இடுப்பால் அடித்து ஆடினராம். சுவரின் அடியிலே தலை கொய்யப்பட்ட ஆட்டக்காரன் ஒருவன் செதுக்கப்பட்டுள்ளான். அவ்வாட்டம் வெறும் விளையாட்டன்று, வழிபாட்டோடு கூடியது.

இவ்வறிவு முழுவதும் நூல்களில் இருந்தது. அத்தியினத்து மரப்பட்டையைத் தட்டி விரித்து, சுண்ணாம்பு பூசி, மடித்து எழுதிய ஏடுகள் அவை. 1562 ஆம் ஆண்டு மானி என்னும் ஊரில், டியேகோ டி லண்டா என்னும் ஸ்பானியத் துறவி, அவை பேயின் பொய்கள் எனக் கூறித் தம் கையில் அகப்பட்டவற்றைத் தீயிட்டார். இன்று உலகில் எஞ்சியுள்ள மாய நூல்கள் நான்கே. அவற்றுள் மூன்று டிரெஸ்டன், மட்ரிட், பரிஸ் நகரங்களில் உள. நான்காவது மட்டுமே மெக்சிக்கோவில் உளது. விந்தை யாதெனில், அத்துறவியே பின்னர் எழுதிய நூலொன்றில் மாய எழுத்துக்கள் சிலவற்றின் ஒலியைக் குறித்து வைத்தார். அக்குறிப்பைத் திறவுகோலாகக் கொண்டே சோவியத் அறிஞர் யூரி குனோறொசொவ் 1952 இல் அவ்வெழுத்தை வாசிக்கும் வழியைக் கண்டார். நூலை எரித்தவன் தன்னையறியாது சாவியை விட்டுச் சென்றான்.

வழிகாட்டி இதனைச் சொல்லுகையிற் பிரயாணிகள் தலையசைத்துக் கேட்டுவிட்டு நிழல் தேடிச் சென்றனர். யாம் நின்றவிடத்தே நின்றோம். 1981 ஆம் ஆண்டு ஆனி மாதத் தொடக்கத்தில் யாழ்ப்பாணப் பொது நூலகத்தில் 97,000 அளவான நூல்களும் ஏட்டுச் சுவடிகளும் எரிந்ததை அறிந்தோர்க்கு மானி என்னும் ஊர் தொலைவிலுள்ள ஊரன்று. எம் முகத்தை நோக்கிய வழிகாட்டி காரணம் கேட்டார், சொன்னோம். அவர் சிறிது நேரம் பேசாதிருந்து, எத்தனை நூல்கள் மீண்டன என்று மட்டும் வினவினார். கட்டிடம் மீண்டது, நூல்களும் புதிதாக வந்தன, ஒற்றைப் படியாக இருந்த சுவடிகள் மீளவில்லை என்றோம். அதன்பின் அன்று முழுவதும் அவர் எம்மை உல்லாசப் பிரயாணியாக நடத்தவில்லை.

கோயிலிலிருந்து வடக்கே, வெண்சாலை எனப்படும் பழந்தெரு வழியாகச் சில நூறு மீற்றர் நடந்து புனிதக் கிணற்றை அடைந்தோம். இருமருங்கும் மரமுகமூடி, கற்சிலை, சிறுத்தைபோல் உறுமும் ஊதுகுழல் ஆகியவற்றை விற்போர் நிறைந்திருந்தனர். கிணறோ 60 மீற்றர் அகலமுடைய வட்டம். செங்குத்தான சுண்ணக்கற் சுவரின் கீழே, இருபது மீற்றர் ஆழத்திற் பச்சைநிற நீர் அசையாது கிடந்தது. குடிநீர் வேறொரு கிணற்றிலிருந்து பெறப்பட்டது. இது மழைத் தெய்வமாகிய சாக் என்பானுக்கு உரியது. இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் எட்வேட் தொம்சன் என்னும் அமெரிக்கர் இதன் அடிச்சேற்றை வாரியபொழுது பொன்னும் பச்சைமணியும் நறும்பிசினும் மனித எலும்புகளும் வெளிவந்தன. பொருள்களிற் பெரும்பாலன அமெரிக்க அரும்பொருட்சாலைக்குச் சென்றன. ஒரு பகுதியே பின்னாளில் மெக்சிக்கோவுக்கு மீண்டது.

மனிதரைப் பலியிட்டனர் என்பதை மறைத்துப் பேசுதல் உண்மைக்கு ஒவ்வாது. வழிகாட்டியும் மறைத்திலர். அக்கிணற்றை அண்மிய நிலக்கீழ்த் தொட்டி ஒன்றில் 1967 இற் கண்டெடுத்த சிறாரின் எலும்புகளுள் 64 பேருடையவற்றை அறிஞர் ஆராய்ந்து 2024 இல் முடிவை வெளியிட்டனர். அனைவரும் ஆண்பிள்ளைகள். அவருள் இரட்டையரும் இருந்தனர். பலர் ஒருவருக்கொருவர் உறவினர். அவ்வாராய்ச்சி மற்றொன்றையும் காட்டிற்று. அச்சிறாரின் மரபணுவும், அப்பகுதியிலுள்ள சிற்றூர் ஒன்றில் இன்று வாழும் மாயரின் மரபணுவும் தொடர்புடையன. முன்னிருக்கைப் பிரயாணியின் வினாவுக்கு அறிவியலே மறுமொழி சொல்லிவிட்டது. நகர்தான் பாழாயிற்று. ஒன்பதாம், பத்தாம் நூற்றாண்டுகளில் அந்நாட்டை நெடிய வறட்சிகள் வருத்தின என்பதை ஏரிப்படிவுகள் காட்டுகின்றன. போரும் ஆட்சிப் பூசலும் சேர்ந்தன. பெருநகர்கள் ஒன்றன்பின் ஒன்றாகக் கைவிடப்பட்டன. மக்களோ சிற்றூர்களுக்குச் சென்று சோளம் விதைத்தனர். 1847 இல் அவர்கள் நில உரிமை வேண்டிப் படையெடுத்து அரை நூற்றாண்டு போராடியதும் வரலாறு.

நடுக்கோயிலின் அடியிலும் நீர்நிறைந்த குழியொன்று உளது என மின்கருவிகளாற் சோதித்த அறிஞர் 2015 இல் அறிவித்தனர். கண்ணுக்குத் தெரியாத கிணற்றின் மேலேயே ஆண்டுக் கணக்கைக் கல்லில் அடுக்கியிருக்கின்றனர்.

நண்பகல் உணவு சிற்றூரொன்றில். வாழையிலையிற் பொதிந்து மண்குழியில் வேகவைத்த இறைச்சி அந்நாட்டாரின் சிறப்புணவு. யாம் மரக்கறி உண்போமாதலின் அவரையும் சோள அடையும் பப்பாசிப் பழமும் பரிமாறினர். தொட்டுக்கொள்ள வைத்த அபனேரோ மிளகாய்ச் சம்பலை எச்சரிக்கையோடு நீட்டிய பணிப்பெண், எம் மகன் அதனை அள்ளி உண்டதைக் கண்டு வாய்பிளந்தாள். மிளகாயும் பப்பாசியும் சோளமும் அமெரிக்கக் கண்டத்திலிருந்தே எமக்கு வந்தவை. எம் கமக்காரரின் செத்தல் மிளகாய்க்கு மூதாதையர் வீடு மெக்சிக்கோவே. மாயன் தந்த உறைப்பை மாயனுக்கே நாம் உண்டு காட்டினோம்! அச்சிற்றூரின் வளவுகளைச் சுற்றிச் சாந்தின்றிக் கல்லடுக்கிய மதில்களைக் கண்டபொழுது, நெடுந்தீவின் பவளக்கல் வேலிகள் எம் கண்முன் வந்தன.

பிற்பகல் இக் கில் என்னும் இயற்கைக் கிணற்றுக்குச் சென்றோம். நீரில் இறங்குமுன் யாவரும் குளித்துத் தோலிற் பூசிய களிம்புகளைக் கழுவுதல் கட்டாயம். அக்களிம்பும் நீரைக் கெடுக்கும் என்றனர். உயிர்காப்புச் சட்டை அணிந்து, பாறையைக் குடைந்தமைத்த படிகளில் இறங்கினோம். தரைமட்டத்திலிருந்து 26 மீற்றர் கீழே நீர். மேலே வட்டமாகத் திறந்த வானம். விளிம்பில் நிற்கும் மரங்களின் வேர்கள் கயிறுகளென நீரைத் தொடத் தொங்குகின்றன. மெல்லிய நீர்த்தாரைகள் சுவரிலிருந்து சிதறி வீழ்ந்து வெயிலில் ஒளிர்கின்றன. கரிய மீன்கள் காலருகே ஓடின. இளமையிற் கீரிமலைக் கேணியிற் குதித்துப் பழகிய எம் உடல், முதுமையை மறந்து நீந்திற்று. நீர் குளிர்ந்தும் தெளிந்தும் இருந்தது. பேர்த்தி கழுத்தளவு நீரில் மிதந்தபடி, இந்நீர் எங்கிருந்து வருகிறது, ஆறு ஒன்றையும் காணவில்லையே என்று வினவினாள். ஆங்கிலத்திற் கேட்ட வினாவுக்குத் தமிழில் மறுமொழி சொன்னோம். வானத்திலிருந்து வந்து, கல்லுக்குள் ஒளித்து, கல்லுக்குள்ளேயே நடந்து இங்கு வருகிறது என்றோம். "கல்லுக்குள்ளே நடக்குமா?" என்று தமிழிலேயே திருப்பிக் கேட்டாள். அச்சொற்கள் நான்கு புறச் சுவரிலும் மோதி எதிரொலித்தன.

கரையேறியபின் வழிகாட்டி எம்மருகில் அமர்ந்தார். மேலே பெய்யும் நீர் கீழே செல்வதுபோலவே மேலே சிந்தும் அழுக்கும் கீழே செல்கிறது என்றார். ஹோட்டல்களின் கழிவும், பெரும் பன்றிப் பண்ணைகளின் கழிவும், வயல் நஞ்சும் கல்லின் துளை வழியே இறங்கி எல்லாக் கிணற்றுக்கும் பொதுவாகின்றன. 2023 மார்கழியில் ஓடத் தொடங்கிய மாயப் புகையிரதத்துக்காக, கன்கூனின் தென்புறத்தே குகைகளின் கூரையைத் துளைத்து எஃகுத் தூண்கள் இறக்கப்பட்டன. அதனை எதிர்த்து வழக்காடினோரும் உளர், தொழில் தந்ததென வரவேற்றோரும் உளர். தம் தம்பி அதில் வேலை செய்பவர் என்றார். பின், கேளாமலே தம் பிள்ளைகளைப் பற்றிச் சொன்னார். மூத்தவள் பாட்டியோடு வளர்ந்தவள், மாயமொழி பேசுவாள். இளையவன் கன்கூனில் வளர்கிறான், விளங்கிக்கொள்வான், மறுமொழியோ ஸ்பானிய மொழியிலேயே வரும். தாம் சிறுவராயிருந்தபொழுது பள்ளியில் அம்மொழி பேசினால் ஏளனம் செய்தனராம். இப்பொழுது ஏளனமில்லை, நேரந்தான் இல்லை என்றார். எம் பேர்த்தியை நோக்கி, இவள் பேசுவாளா என்று கேட்டார். கேட்டால் விளங்கும், இன்று ஒரு வாக்கியம் பேசினாள் என்றோம். இருவரும் சிரித்தோம். காலையில் வண்டியில் எழுந்த சிரிப்பினும் அது வேறானது.

திரும்பும் வழியில் எமக்குத் தோன்றியது இதுவே. அந்நாட்டாரின் நன்னீர் ஆழத்திலுள்ள கடல்நீரின் மேல் மெல்லியதொரு வில்லைபோல் மிதக்கிறது. எமது நிலாவரைக் கிணற்றிலும் மேலே நன்னீர், ஆழத்தில் உவர்நீர். அளவுக்கு மீறி இறைத்தால் உவர் மேலெழும். துலாவால் இறைத்த காலத்தில் மனிதனின் தோளே அதற்கு எல்லை வகுத்தது. இயந்திரத்துக்குத் தோள்வலி இல்லை. பசளையின் நைத்திரேற்றும் மலக்குழியின் கசிவும் எம் கிணறுகளிற் கலப்பதையும், சுன்னாகப் பகுதிக் கிணறுகளில் எண்ணெய் கலந்ததால் மக்கள் பட்ட இன்னலையும் யாம் அறிவோம். ஒருவன் கிணறு என்று ஒன்று குடாநாட்டில் இல்லை. ஊர் முழுவதும் உண்பது ஒரே நீர். மொழியும் அவ்வாறே. நூலகம் எரிந்தாலும் நகர் பாழானாலும் அது அடியில் ஓடிக்கொண்டிருக்கும். அதனைப் பகைவன் வற்றச் செய்தல் அரிது. மேலே வாழும் நாம் பேணாது விட்டால் அது தானே உவர்க்கும்.

கல்லூரியில் இன்று கற்கும் தம்பிமாருக்குப் பழைய மாணவர் என்ற உரிமையோடு இரண்டு வேண்டுகோள் விடுப்போம். பூமிசாத்திரமும் இரசாயனமும் கற்பவர்கள் தத்தம் வீட்டுக் கிணற்று நீரை ஆண்டுதோறும் ஆய்வுகூடத்திற் சோதித்துக் குறித்து வையுங்கள். ஐம்பது கிணறுகளின் பத்தாண்டுக் கணக்கு ஒரு பல்கலைக்கழகமும் மதிக்கும் செல்வமாகும். அடுத்து, உங்கள் வீடுகளில் ஒற்றைப் படியாக இருக்கும் பழைய ஏடு, கையெழுத்து நூல், ஊர்க்கணக்கு, கடிதக் கட்டு எதுவாயினும் ஒளிப்படம் எடுத்து ஈரிடத்திற் சேமியுங்கள். நான்கு நூல்களே எஞ்சிய ஓர் இனத்தின் நகரைக் கண்டு வந்தவர் சொல்வது இது. எமக்குக் கல்லையும் நீரையும் சொல்லையும் ஒருங்கே மதிக்கக் கற்பித்த கல்லூரி அன்னை நீடு வாழ்க!